ஒரு மரக்குடில் தீபகற்பத்துக்குப் பெயரான விதம்

அண்டார்க்டிகாவின் வரைபடத்தை விரித்தால் ராணிகளும் அரசர்களும் பணம் கொடுத்த புரவலர்களும்தான் முதலில் கண்ணில் படுவார்கள். விக்டோரியா நிலம் இங்கிலாந்து ராணியின் பெயர். பியர்ட்மோர் பனியாறு, பிரிட்டிஷ் துருவப் பயணி ஷாக்கில்டனின் பயணத்துக்குப் பணம் போட்ட தொழிலதிபரின் பெயர். ராஸ் தீவின் தென்மேற்கு மூலையில் விரல் போல நீட்டிக்கொண்டிருக்கும் ஒரு சிறிய நிலத்துண்டுக்கு வந்தால் இந்த வரிசை சட்டென்று மாறிவிடுகிறது. ஹட் பாயிண்ட், விண்டர் குவார்ட்டர்ஸ் பே, அரைவல் ஹைட்ஸ், அப்சர்வேஷன் ஹில், டேஞ்சர் ஸ்லோப்ஸ், பிராம் பாயிண்ட், தி கேப். தமிழில் சொன்னால் குடில் முனை, குளிர்காலத் தங்கல் விரிகுடா, வந்து சேர்ந்த மேடு, பார்வைக் குன்று, ஆபத்துச் சரிவு, படகு முனை, இடைவழி.

பள்ளிக்கூடத்தில் காரணப்பெயர், இடுகுறிப்பெயர் என்று படித்தோம். மேலே உள்ளவை அத்தனையும் காரணப்பெயர்கள். ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஒரு வேலையோ விபத்தோ இருக்கிறது. அந்தக் காரணங்களைத் தேடிப்போனால் தீபகற்பத்தின் புவியியல் தானாகப் புரிந்துவிடும் என்பது என் அனுபவம். தனியாக வரைபடப் பாடம் எடுக்கத் தேவையே இல்லை.

முதலில் இடத்தைப் பார்த்துக்கொள்வோம். ஹட் பாயிண்ட் தீபகற்பம் ஏறத்தாழ 24 கிலோமீட்டர் நீளம். அகலம் 3 முதல் 5 கிலோமீட்டர்தான். 3,794 மீட்டர் உயரமுள்ள எரபஸ் எரிமலையின் சரிவில் தொடங்கித் தென்மேற்காக இறங்கி, தென் அட்சம் 77 பாகை 50 கலை அளவில் கடலில் முடிகிறது. வடகிழக்குப் பகுதி முழுக்கப் பனி மூடியது. தெற்கு முனையில் மட்டும் கோடையில் கறுப்பு எரிமலைக் கல் வெளியே தெரியும். கறுப்புக் கல் வெயிலை வாங்கிக்கொண்டு மேலே கிடக்கும் பனியை உருக்கிவிடுகிறது. மனிதர்கள் வந்து கொட்டகை போட்டதும், பிற்பாடு ஊர் மாதிரி கட்டடங்கள் கட்டியதும் இந்தக் கறுப்புத் தரையில்தான்.

தீபகற்பம் என்ற சொல்லுக்கு மூலமான வடமொழிச் சொல்லின் பொருள் ‘தீவு போன்றது’. மூன்று பக்கம் தண்ணீர், ஒரு பக்கம் நிலம் என்று மனப்பாடம் செய்தவர்கள் இங்கே கொஞ்சம் நிதானிக்க வேண்டும். மேற்கே மக்மர்டோ சவுண்ட் என்ற கடற்பகுதி, ஆண்டின் பெரும்பகுதி உறைந்து கிடக்கும். கிழக்கிலும் தெற்கிலும் ராஸ் பனித்தட்டின் ஓரம். பிரான்ஸ் நாட்டளவு பரந்த, கடலின் மேல் மிதக்கும் பனிப்பலகை அது. அடியில் கடல் இருக்கிறது, கண்ணுக்குத் தெரியாது. ஆக, நின்று பார்க்கிறவருக்கு இது நீர் சூழ்ந்த நிலமாகத் தெரிவது ஆண்டில் சில வாரங்கள், அதுவும் ஒரு பக்கத்தில் மட்டும். மீதி நாட்களில் வெள்ளைச் சமவெளிக்கு நடுவே கிடக்கும் ஒரு கரிய மேடு, அவ்வளவுதான்.

1841-இல் பிரிட்டிஷ் கடற்படைக் கேப்டன் ஜேம்ஸ் கிளார்க் ராஸ் இந்தக் கடலுக்குள் வந்தபோது அவருக்கும் இதே குழப்பம் நேர்ந்தது. எரபஸ், டெரர் என்ற தன் இரண்டு கப்பல்களின் பெயர்களை இரண்டு மலைகளுக்கு வைத்தார். டெரர் கப்பலின் லெப்டினன்ட் ஆர்ச்சிபால்ட் மக்மர்டோவின் பெயரைத் தெற்கே தெரிந்த கடற்பரப்புக்கு வைத்தார். அதை ஒரு விரிகுடா என்றும், மலைகள் நிற்கும் நிலம் பெருநிலத்தோடு சேர்ந்தது என்றும் நினைத்துக்கொண்டார். 1902-இல் பிரிட்டிஷ் கடற்படை அதிகாரி ராபர்ட் ஸ்காட்டின் டிஸ்கவரி கப்பல் வந்த பிறகுதான் அது தனித் தீவு என்பது உறுதியானது. தீவுக்கு ராஸ் பெயரை வைத்தது ஸ்காட்தான்.

டிஸ்கவரி இந்த மூலைக்கு வந்ததற்குக் காரணம் இருந்தது. கப்பலில் வந்து கால் வைக்கக்கூடிய கெட்டி நிலம் தெற்கே இதற்கு அப்பால் இல்லை என்றே சொல்லலாம். இதைத் தாண்டினால் மிதக்கும் பனித்தட்டு. தென்துருவம் இங்கிருந்து சுமார் 1,350 கிலோமீட்டர். துருவத்தை நோக்கி நடக்கிறவனுக்கு இதைவிட நல்ல வாசற்படி கிடைக்காது. குன்றுகளுக்குக் கீழே சிறு குடைவு போல ஒரு விரிகுடா, கப்பலை நிறுத்த ஏற்ற ஒதுக்கிடம். குளிர்காலத்தை அங்கேயே கழிக்கத் தீர்மானித்தார்கள். விண்டர் குவார்ட்டர்ஸ் பே என்ற பெயர் அப்படி வந்தது. வடக்கே எழும் செங்குத்து மேட்டுக்கு, வந்து சேர்ந்ததன் நினைவாக, அரைவல் ஹைட்ஸ்.

விரிகுடாவின் ஓரத்தில் நீண்ட சிறு முனையில் ஒரு மரக்குடிலை நிறுத்தினார்கள். சிட்னியில் வாங்கிய, பாகம் பாகமாகக் கழற்றிக் கொண்டுவந்து பூட்டும் வகைக் குடில். ஆஸ்திரேலிய உள்நாட்டுப் பண்ணை வீடுகளைப் போல மூன்று பக்கமும் தாழ்வாரம் இருந்தது. கடும் வெயிலுக்கு நிழல் தருவதற்கென்றே உருவான அமைப்பு அது! அதைக் கொண்டுபோய், நான்கு மாதம் சூரியனே தலைகாட்டாத இடத்தில் வைத்தார்கள். சிறு குழுவைக் கரையில் இறக்கிவிட்டுக் கப்பல் திரும்பிப் போகும் என்பது முதல் திட்டம். கப்பலே தங்குவதென்று முடிவானதும் குடிலுக்கு அந்த வேலை இல்லாமல் போனது. உள்ளே சூடு நிற்கவில்லை. ஆட்கள் கப்பலிலேயே தூங்கினார்கள். குடில் சாமான் போடும் இடமாக, பழுது பார்க்கும் பட்டறையாக, குளிர்கால இரவுகளில் நாடகம் போடும் கொட்டகையாக ஆனது.

குடியிருக்காத அந்தக் குடிலின் பெயர்தான் முனைக்கு வந்தது. முனையின் பெயர் பின்னர் தீபகற்பம் முழுவதற்கும் பரவியது. ‘தலைக்கு ஒரு பழம் கொடு’ என்றால் தலை என்பது ஆளைக் குறிக்கிறதே, உறுப்பின் பெயர் முழுமைக்கு ஆகிவருகிறதே, அந்தச் சினையாகுபெயர்தான் இங்கேயும் நடந்திருக்கிறது. பொதுவாகப் பெரிய நிலத்தின் பெயரிலிருந்து சின்ன இடங்களுக்குப் பெயர் இறங்கும். இங்கே பலகைகளால் ஆன ஒரு பெட்டியிலிருந்து 24 கிலோமீட்டர் நிலத்துக்குப் பெயர் ஏறியிருக்கிறது.

சரி, டேஞ்சர் ஸ்லோப்ஸுக்கு வருவோம். வந்து ஒரு மாதம்கூடச் சரியாக ஆகவில்லை, பனியில் நடக்கும் பழக்கம் யாருக்கும் இல்லை. தீவின் மறுகோடியில் உள்ள குரோசியர் முனைக்கு ஒரு குழு கிளம்பியது. வழியில் ஒரு பகுதியினரைக் கப்பலுக்குத் திருப்பி அனுப்பினார்கள். 1902 மார்ச் 11. கப்பலை நெருங்கும் நேரத்தில் பனிப்புயல் பிடித்துக்கொண்டது. கண்ணுக்கு முன்னால் கையை நீட்டினால் கை தெரியாது. கூடாரத்திலேயே இருந்திருக்கலாம். கப்பல் பக்கத்தில்தானே என்று நடக்கத் தொடங்கினார்கள். நின்ற இடம் கண்ணாடி போல உறைந்த சரிவு என்பது கால் வழுக்கிய பிறகுதான் தெரிந்தது. சரிவின் அடியில் செங்குத்துப் பாறை, அதற்குக் கீழே கடல். ஜார்ஜ் வின்ஸ் என்ற மாலுமியின் காலில் மென்மயிர்த் தோலால் ஆன பனிக்காலணி. குளிருக்கு இதமானது, வழுக்கினால் பிடிமானம் தராது. வழுக்கியவர் மற்றவர்களைத் தாண்டிச் சறுக்கி விளிம்புக்கு அப்பால் போய்விட்டார். உடல் கிடைக்கவே இல்லை.

அதே புயலில் கிளாரன்ஸ் ஹேர் என்ற இளம் பணியாளரும் வழி தப்பினார். அவரையும் இறந்தவர் கணக்கில் சேர்த்துவிட்டார்கள். இரண்டு நாள் கழித்து மலையிலிருந்து தனியாக இறங்கி நடந்து வந்தார். பனி மேலே மூடிக்கொள்ள, அதற்குள்ளேயே ஒன்றரை நாள் அளவுக்குத் தூங்கியிருக்கிறார். மூடிய பனியே போர்வையாக இருந்து அவரைக் காத்தது. உறைவுக் காயம்கூட இல்லை. ஒரே சரிவு, ஒரே புயல். ஒருவரைக் கொண்டுபோனது, ஒருவரைப் போர்த்தி வைத்தது. அந்தச் சரிவுக்கு ஆபத்து என்று பெயர் வைத்தவர்கள் வரைபடத்தில் அழகு பார்க்கவில்லை, அடுத்து வருகிறவனை எச்சரித்திருக்கிறார்கள். 1904 பிப்ரவரியில் கிளம்பும் முன் குடிலுக்கு அருகே முனையின் மேட்டில் வின்ஸுக்கு ஒரு மரச்சிலுவை நட்டார்கள். இன்றும் நிற்கிறது.

அவர்கள் கிளம்பியதே பெரும்பாடு. ஒதுக்கிடம் என்று நம்பிய விரிகுடா பனி உடையாமல் கப்பலை இரண்டு குளிர்காலம் பிடித்து வைத்துக்கொண்டது. மார்னிங், டெரா நோவா என்ற இரண்டு உதவிக் கப்பல்கள் வந்தன, தேவைப்பட்டால் டிஸ்கவரியைக் கைவிட்டு வரவேண்டும் என்ற உத்தரவோடு. வெடிவைத்தும் பார்த்தார்கள். கடைசியில் பிப்ரவரி நடுவில் பனி தானாகவே விரைந்து உடைந்து வழிவிட்டது.

இந்தத் தீபகற்பத்தின் புவியியலில் எனக்கு மிகவும் பிடித்த பகுதி அதன் தெற்கு நுனி. நுனியில் இருப்பது ஆர்மிடேஜ் முனை. கப்பலின் துணைத் தலைவரும் வழிகாட்டியுமான ஆல்பர்ட் ஆர்மிடேஜின் பெயர். இங்கே ஆள் பெயர் வந்திருப்பது விதிவிலக்குதான். இந்த முனையை ஒட்டி அடியில் நீரோட்டம் உண்டு, அதனால் மேலே உள்ள கடல்பனி மற்ற இடங்களுக்கு முன்பே மெலிந்துவிடும். பார்த்தால் வெள்ளையாக, திடமாகத்தான் இருக்கும். கால் வைத்தால் போயிற்று. குடிலிலிருந்து பனித்தட்டுக்குப் போகிறவன் முனையைச் சுற்றிப் போகாமல் குன்றுகளுக்கு நடுவே ஏறி இறங்க வேண்டும். கிரேட்டர் ஹில் குன்றுக்கும் அப்சர்வேஷன் குன்றுக்கும் நடுவே உள்ள அந்தத் தாழ்வான வழிதான் தி கேப். ஏறி இறங்கினால் கிழக்குக் கரையில் பிராம் பாயிண்ட். பிராம் என்பது நார்வே மக்களின் சிறு தட்டைப் படகு. கோடையில் கரையோரப் பனி உடைந்து தண்ணீர் தெரியும்போது, அங்கிருந்து பனித்தட்டுக்குக் கடக்க அந்தப் படகு வேண்டியிருந்தது. ஆர்மிடேஜ் முனை, கேப், பிராம் முனை ஆகிய மூன்றையும் சேர்த்து வாசித்தால் ஒரு வழிக்குறிப்பு கிடைக்கிறது: அந்தப் பக்கம் சுற்றாதே, இப்படி ஏறு, படகு எடுத்துக்கொள்.

இதே வழியில் இப்போது சாலை ஓடுகிறது. மேற்கே அமெரிக்காவின் மக்மர்டோ நிலையம், கிழக்கே பிராம் முனையில் நியூசிலாந்தின் ஸ்காட் தளம், இடையே சுமார் 3 கிலோமீட்டர்.

வடக்கே போகும் வழி இன்னும் கடினம். ஸ்காட் 1910-இல் கிளம்பிய இரண்டாம் பயணத்தில் புதிய குடிலை எவன்ஸ் முனையில் கட்டினார். பழைய குடிலிலிருந்து 20 கிலோமீட்டருக்குச் சற்று மேல் வடக்கே. கரையோரமாக நடந்துவிடலாம் என்றால் முடியாது. நடுவே பனிவெடிப்புகள் நிறைந்த சரிவுகள், கடலுக்குள் நாக்கு நீட்டும் எரபஸ் பனியாறு. கடல் உறைந்தால்தான் பாதை. உறையாவிட்டால் காத்திருக்க வேண்டும். 1911 மார்ச்சில் தெற்கே உணவுக் கிடங்கு போட்டுத் திரும்பியவர்கள் ஏப்ரல் நடுப்பகுதி வரை பழைய குடிலில் முடங்கிக் கிடந்தது இதனால்தான். கைவிடப்பட்டிருந்த அந்தக் குடிலின் ஜன்னல் திறந்து கிடந்ததில் உள்ளே பனி நிரம்பி உறைந்திருந்தது. அதை வெட்டியெடுத்து, கடல்நாய்க் கொழுப்பில் எரியும் அடுப்பு ஒன்றைத் தாங்களே தயாரித்துக்கொண்டு இருந்தார்கள். யாரும் வாழாத குடில் வாழுமிடமானது அப்போதுதான். அதற்கு இரண்டு ஆண்டுகளுக்கு முன் 1909-இல், துருவத்துக்கு 180 கிலோமீட்டர் வரை போய்த் திரும்பிய ஷாக்கில்டனும் ஃபிராங்க் வைல்டும் இங்கே வந்து, பக்கத்தில் இருந்த காந்த ஆய்வுக் கொட்டகைக்குத் தீ வைத்துத்தான் தங்கள் கப்பலுக்கு அடையாளம் காட்டினார்கள்.

காத்திருக்க மனமில்லாதவர்களின் கதையும் உண்டு. ஷாக்கில்டனின் 1914–17 பயணத்துக்காக ராஸ் கடல் பக்கம் உணவுக் கிடங்கு வைத்த குழு, 1916 மார்ச்சில் ஊட்டச்சத்துக் குறைவால் வரும் ஸ்கர்வி நோயோடு தவழாத குறையாக இந்தக் குடிலுக்கு வந்து சேர்ந்தது. கடல்நாய் இறைச்சி தின்று கொஞ்சம் தேறினார்கள். மே 8 அன்று ஏனியாஸ் மக்கின்டாஷும் விக்டர் ஹேவர்டும், பனி இன்னும் மெல்லிசு என்று மற்றவர்கள் தடுத்தும் கேளாமல், எவன்ஸ் முனையை நோக்கிப் புறப்பட்டார்கள். சற்று நேரத்தில் புயல் எழுந்தது. பிறகு தேடிப்போனவர்கள் பார்த்தபோது காலடித் தடங்கள் ஒரு விளிம்போடு நின்றுபோயிருந்தன. மீதி மூவரும் ஜூலை நடுப்பகுதி வரை பொறுத்திருந்து, கடல் கெட்டியான பின் நடந்து பத்திரமாகப் போய்ச் சேர்ந்தார்கள். கடல் இங்கே சாலை, ஆனால் அது எப்போது திறக்கும் என்பதை மனிதன் முடிவு செய்ய முடியாது.

அப்சர்வேஷன் குன்று 230 மீட்டர். தெற்கே பனித்தட்டில் யாராவது வருகிறார்களா என்று ஏறிப் பார்க்க வசதியான இடம். முதல் பயணத்தினர் வைத்த பெயர், இரண்டாம் பயணத்தில் மனத்தை அழுத்தும்படி ஆகிவிட்டது. துருவத்துக்குப் போன ஸ்காட், வில்சன், பவர்ஸ், ஓட்ஸ், எட்கர் எவன்ஸ் ஐவரும் திரும்பவில்லை. 1913 ஜனவரியில், கிளம்பும் முன், ஜாரா என்ற ஆஸ்திரேலிய வன்மரத்தால் சிலுவை செய்து, ஐந்து பெயர்களையும் செதுக்கி, தோளில் சுமந்துபோய் அந்தக் குன்றின் உச்சியில் நட்டார்கள். அவர்களுக்காகக் காத்திருந்து பார்த்த குன்றில், அவர்கள் கிடக்கும் பனித்தட்டைப் பார்த்தபடி. இடத்தை இதைவிடப் பொருத்தமாக யாரும் தேர்ந்தெடுத்திருக்க முடியாது.

தீபகற்பம் எப்படி உண்டானது என்பதைச் சுருக்கமாகச் சொல்லிவிடலாம். ஒரு கோட்டில் வரிசையாக வெடித்த எரிமலைக் கூம்புகள், பத்து லட்சம் ஆண்டு அளவிலான வயது. நடுவே 413 மீட்டர் உயரத்தில் தனித்து நிற்கும் காசில் ராக், அதாவது கோட்டைப் பாறை, பனிக்கு அடியில் வெடித்த எரிமலையின் மிச்சம். உருகிய குழம்பு பனிநீரில் பட்டு நொறுங்கி இறுகிய கல் அது. சுற்றியிருந்த பனி போனதும் கோட்டைச் சுவர் போல நிற்கிறது. இரண்டாம் பயணத்தின் புவியியலாளர் ஃபிராங்க் டெபன்ஹாம் 1912-இல் தீபகற்பத்தை அளந்து விரிவான வரைபடம் போட்டார். அரைநிலாப் பள்ளம், கறுப்புக் குமிழ் போன்ற பெயர்கள் அவருடைய அளவைப் பணியில் வந்தவை. பார்த்ததை அப்படியே எழுதியிருக்கிறார்.

கிழக்கே உள்ள விண்ட்லெஸ் பைட்டையும் விட்டுவிடக் கூடாது. பொருள், காற்றில்லா வளைகுடா. 1911 குளிர்காலத்தில் ஸ்காட் குழுவின் வில்சன், பவர்ஸ், செர்ரி-கெரார்ட் மூவரும் எம்பரர் பென்குயின் முட்டைகளைத் தேடி இருட்டில் இதைக் கடந்தார்கள். குளிர் பூஜ்ஜியத்துக்குக் கீழே 60 பாகை. சுற்றிலும் புயல் அடிக்கும் நாட்டில் இந்த மூலையில் மட்டும் காற்று அசையவில்லை. காற்றில்லை என்றால் நல்லதுதானே என்று தோன்றும். காற்று அடித்து இறுக்காத பனி மணல் போலப் பொலபொலவென்று கிடக்கும், அதில் சறுக்குவண்டி சறுக்கவே சறுக்காது.

பெயரைப் பார்த்து ஏமாறவும் ஓர் இடம் இருக்கிறது. மேற்குக் கரையில் ஹட்டன் கிளிஃப்ஸ் என்ற பாறைச்சுவர். ஹட் பாயிண்ட் தீபகற்பத்தில் இருப்பதால் குடிலோடு சேர்த்துத்தான் யாரும் நினைப்பார்கள். அதற்கும் குடிலுக்கும் சம்பந்தமே இல்லை. கிறைஸ்ட்சர்ச் அருங்காட்சியகத்தின் பொறுப்பில் இருந்த அறிஞர் ஃபிரெடரிக் ஹட்டனின் பெயர் அது.

1955-56-இல் அமெரிக்கக் கடற்படை குடிலுக்குப் பக்கத்திலேயே தளம் அமைத்தபோது மற்றொரு பெயர் வந்து சேர்ந்தது. ரிச்சர்ட் வில்லியம்ஸ் என்ற படைவீரர் ஓட்டிய கனரக டிராக்டர் 1956 ஜனவரியில் கடல்பனி உடைந்து மூழ்கியது, அவரும் போனார். தளத்துக்கு முதலில் அவர் பெயரைத்தான் வைத்தார்கள். பிறகு தளம் மக்மர்டோ நிலையம் ஆனது. வில்லியம்ஸ் பெயர் பனித்தட்டின் மேல் அமைந்த விமானத்தளத்துக்குப் போனது. பனித்தட்டு கடலை நோக்கி நகர்ந்துகொண்டே இருப்பதால் அந்தத் தளத்தைப் பலமுறை இடம் மாற்றியிருக்கிறார்கள். பனியில் விழுந்து இறந்தவரின் பெயர், நகரும் பனியின் மேல் இன்னும் பயணம் செய்கிறது.

அமெரிக்கர்களும் நியூசிலாந்துக்காரர்களும் பிறகு என்னென்னவோ கொண்டுவந்தார்கள். 1962 முதல் 1972 வரை அப்சர்வேஷன் குன்றின் சரிவில் ஓர் அணு உலை ஓடியது. அதை அகற்றியபோது மாசுபட்ட மண்ணையும் தோண்டிக் கப்பலில் ஏற்றிப் போக வேண்டியிருந்தது. கிரேட்டர் குன்றில் 2010-இல் மூன்று காற்றாலைகள் சுழலத் தொடங்கின. அரைவல் ஹைட்ஸ் ரேடியோ இரைச்சல் இல்லாத அமைதிப் பகுதியாகக் காக்கப்படுகிறது, வளிமண்டலத்தையும் ஓசோனையும் அளக்கும் கருவிகள் அங்கே உள்ளன. இவ்வளவு வந்தும் பழைய பெயர்களை யாரும் தொடவில்லை. அண்டார்க்டிகாவில் பெயர் வைக்கும் ஒற்றை அதிகாரம் யாருக்கும் கிடையாது. ஒவ்வொரு நாடும் தன் பெயர்க்குழு வழியாக வைக்கிறது, எல்லாம் ஒரு பொதுப் பெயர்ப்பட்டியலில் சேர்கின்றன. சில இடங்களுக்கு நான்கைந்து பெயர்கள்கூட உண்டு. இங்கே அமெரிக்கக் குழுவும் நியூசிலாந்துக் குழுவும் ஸ்காட்டின் ஆட்கள் வைத்த பெயர்களையே ஏற்றுக்கொண்டன. ஆபத்துச் சரிவில் இன்றும் வழுக்கும். ஆர்மிடேஜ் முனையில் பனி இன்றும் முன்னதாகவே மெலியும். பொய்யாகாத பெயரை மாற்ற என்ன அவசியம்?

கரை மட்டும் அவ்வப்போது மாறும். 2000 மார்ச்சில் ராஸ் பனித்தட்டிலிருந்து பி-15 என்ற பெரும் பனிப்பாறை, 11,000 சதுர கிலோமீட்டர் அளவில், உடைந்து பிரிந்தது. அதன் துண்டுகள் ராஸ் தீவுக்கு வடக்கே வந்து நின்றுகொண்டதில் மக்மர்டோ சவுண்டில் பனி வெளியேற வழியில்லாமல் சில ஆண்டுகள் கடல் சரியாகத் திறக்கவே இல்லை. அந்தக் கோடைகளில் வந்தவர்களுக்கு பிராம் பாயிண்ட் என்ற பெயர் விளங்கியிருக்காது. படகு விடத் தண்ணீர் எங்கே இருந்தது?

குடில் இருக்கிறது. நியூசிலாந்தின் அண்டார்க்டிக் பாரம்பரிய அறக்கட்டளை அதைச் செப்பனிட்டுக் காத்துவருகிறது. உள்ளே சுவரும் கூரையும் கொழுப்புப் புகை படிந்து கறுத்திருக்கின்றன. பிஸ்கட் பெட்டிகள் அடுக்கியபடியே உள்ளன. நூறு ஆண்டுக்கு முன் வெட்டிப்போட்ட கடல்நாய், கொழுப்பு வடிந்தபடி, தாழ்வாரத்தில் கிடக்கிறது. உள்ளே போகிறவர்கள் வாசலில் நின்று காலணியைத் தூரிகையால் தேய்க்க வேண்டும், பனித்தூளும் அந்தக் கறுப்பு எரிமலைப் பொடியும் தரையில் படக்கூடாது என்பதற்காக.